மண் ஏற்றிய டிப்பர் பிடிபட்டால்: காம்பவுண்டிங்கா, ரிலீஸ் மனுவா, குவாஷா?

பெங்களூரில் டிப்பர் வைத்துப் பிழைக்கும் நம்மவர்கள் மாட்டிக்கொள்ளும் இடம் ஒன்றுண்டு. பெர்மிட் இல்லாமல் மண் ஏற்றியதாகச் சொல்லி வண்டியை ஸ்டேஷனில் நிறுத்திவிடுகிறார்கள். "கனிமத் துறையில் பணம் கட்டு, முடிந்துவிடும்" என்கிறார் ஒருவர். "கோர்ட்டில் ரிலீஸ் மனு போடு" என்கிறார் வக்கீல். "ஹைகோர்ட்டுக்குப் போனால் கேஸே இருக்காது" என்று மூன்றாவதாக ஒருவர் வருவார். மூன்று பேர் சொல்வதிலும் பாதி உண்மை இருக்கிறது.

காம்பவுண்டிங், அதாவது துறையில் பணம் கட்டிக் குற்றத்தை முடித்துக்கொள்வது, கனிமத் துறையின் கோப்பை மூடும். ரிலீஸ் மனு வண்டியை மட்டும் வெளியே கொண்டுவரும், வழக்கு அப்படியே நிற்கும். குவாஷ், அதாவது வழக்கையே ரத்து செய்யச் சொல்லி ஹைகோர்ட்டில் கேட்பது, வழக்கின் மேலேயே கை வைக்கும், ஆனால் அதுவரை வண்டி வெயிலில் காயும். ஆகவே ஒன்றை எடுத்தால் மற்றதை விட வேண்டும் என்பதில்லை. எதை முதலில் செய்வது, எதற்குக் காசைச் செலவழிப்பது என்பதில்தான் தீர்மானம் இருக்கிறது.

## முதலில் எஃப்.ஐ.ஆரில் என்ன பிரிவு என்று பாருங்கள்

மண்ணுக்கு என்ன சட்டம் என்று இன்னும் பலர் கேட்கிறார்கள். கரை, ரோடு, ரயில்பாதை, கட்டடம் ஆகியவற்றுக்காக நிரப்பவும் சமன்படுத்தவும் பயன்படும் சாதாரண மண்ணை மத்திய அரசு 2000 பிப்ரவரி 3-ம் தேதி அறிவிக்கையில் சிறு கனிமம் ஆக்கிவிட்டது. அதோடு எம்.எம்.டி.ஆர். சட்டம் (மத்திய அரசின் கனிமச் சட்டம், 1957) மண்ணுக்கும் பொருந்தும். அதன் 4(1ஏ) பிரிவு, விதிப்படியான அனுமதி இல்லாமல் கனிமத்தை ஏற்றிச் செல்லவோ சேமித்து வைக்கவோ கூடாது என்கிறது. மீறினால் 21(1) பிரிவின்படி ஐந்து வருடம் வரை சிறையும், ஹெக்டேருக்கு 5 லட்சம் ரூபாய் வரை அபராதமும். லாரிக்கு ஹெக்டேர் எங்கிருந்து வரும் என்று கேட்பது நியாயம்தான். குவாரியை மனதில் வைத்து எழுதிய வரி அது. ஆனால் சிறை என்ற பகுதி லாரிக்காரருக்கும் உண்டு.

இதோடு கர்நாடக சிறு கனிமச் சலுகை விதிகள் (1994) வரும். எஃப்.ஐ.ஆரில் 42, 44 என்ற விதி எண்கள் அங்கிருந்து வருபவை.

மூன்றாவதாக ஒன்று எழுதப்பட்டிருக்கிறதா என்பதுதான் முக்கியம்: திருட்டு. பழைய வழக்கானால் ஐ.பி.சி. 379, 2024 ஜூலை 1-க்குப் பிந்தியதானால் ஐ.பி.சி.க்குப் பதிலாக வந்த பி.என்.எஸ். சட்டத்தின் 303(2). கனிமச் சட்டம் இருக்கிறது என்பதற்காகத் திருட்டு வழக்குப் போடக்கூடாது என்றில்லை என்று உச்ச நீதிமன்றம் 2014-ல் டெல்லி அரசு எதிர் சஞ்சய் வழக்கில் சொல்லிவிட்டது. 2020 டிசம்பரில் வந்த ஜயந்த் எதிர் மத்தியப் பிரதேச அரசு தீர்ப்பு இன்னும் ஒரு படி மேலே போனது: காம்பவுண்டிங் கனிமச் சட்டக் குற்றத்தை மட்டுமே முடிக்கும், திருட்டு வழக்கு தன்பாட்டுக்கு நடக்கும். "பணம் கட்டிட்டோமே, ஏன் சம்மன் வருது?" என்று கேட்பவர்கள் எல்லோருக்கும் பதில் அந்தத் தீர்ப்பில் இருக்கிறது.

எஃப்.ஐ.ஆர். கன்னடத்தில் இருக்கும், மகஜரும் (பிடித்த இடத்தில் சாட்சிகளை வைத்து எழுதும் குறிப்பு) அப்படியே. டிரைவருக்குக் கன்னடம் பேச வரும், படிக்க வராது என்பது நம் பக்கத்தில் சகஜம். கையெழுத்துப் போடும்முன் சத்தமாக வாசிக்கச் சொல்லிக் கேட்கச் சொல்லுங்கள். நான்கு விஷயம் அதில் சரியாக இருக்க வேண்டும்: பிடித்த நேரம், பிடித்த இடம், மண்ணின் அளவு (எடைமேடைச் சீட்டா, கண்ணளவா), மண்ணின் மதிப்பு. மதிப்பு 5,000 ரூபாய்க்குக் கீழே இருந்து, டிரைவருக்கு இதற்குமுன் தண்டனை எதுவும் இல்லையென்றால், பொருளோ மதிப்போ திரும்பக் கிடைத்ததும் 303(2)-ன் கீழ் சமூக சேவைதான் தண்டனை. ஒரு லோடு நிரப்பு மண்ணின் விலை அந்த வரம்புக்குக் கீழே வருவது அபூர்வம் இல்லை. மகஜரில் போகிற போக்கில் எழுதும் ஒரு தொகை பின்னால் இவ்வளவு தூரம் இழுக்கும்.

## எதை வைத்து எடைபோடுவது

நான்கு அளவுகோல்கள் போதும்.

1. திருட்டுப் பிரிவு இருக்கிறதா? வண்டியைப் பிடித்தது கனிமத் துறையா, போலீஸா?
2. வண்டி நிற்கும் ஒவ்வொரு நாளும் எவ்வளவு தின்கிறது? மாதத் தவணை 75,000 என்று வைத்துக்கொண்டால் தவணை மட்டுமே நாளைக்கு 2,500. டிரைவர் சம்பளம், ஓடிக்கொண்டிருக்கும் இன்ஷூரன்ஸ், காலாவதியாகும் எஃப்.சி. (வண்டியின் தகுதிச் சான்று) எல்லாம் இதற்கு மேல்.
3. மண் எங்கிருந்து வந்தது, அதற்குக் காகிதம் ஏதாவது உண்டா?
4. டிரைவர் என்ன ஆவார்? பெரும்பாலும் அவர்தான் முதல் எதிரி (குற்றம் சாட்டப்பட்டவர்), ஓனர் இரண்டாவது.

## காம்பவுண்டிங்

எம்.எம்.டி.ஆர். சட்டத்தின் 23ஏ பிரிவு இது. வழக்குத் தொடுக்கும் முன்பும் செய்யலாம், தொடுத்த பின்பும் செய்யலாம். 22-வது பிரிவின்படி நீதிமன்றத்தில் எழுத்துமூலம் புகார் கொடுக்க யாருக்கு அதிகாரம் உண்டோ, அவர்தான் காம்பவுண்ட் செய்ய முடியும். ரோட்டில் நிறுத்தி ரசீது இல்லாமல் வாங்கும் "ஃபைன்" எதுவும் காம்பவுண்டிங் ஆகாது. அந்தப் பணத்தைக் கொடுத்துவிட்டு வண்டியும் போய்ச் சேராமல், பின்னால் எஃப்.ஐ.ஆரும் வந்தால் கையில் ஒரு காகிதம்கூட இருக்காது.

செய்யும் முறை நேரானது. மாவட்டக் கனிமத் துறை அலுவலகத்தில் விண்ணப்பம், வண்டி ஆவணங்கள், எஃப்.ஐ.ஆர். நகல். துறை கணக்குப் போட்டு நோட்டீஸ் தரும். கஜானே-2-ல் (கர்நாடக அரசின் கருவூல இணையதளம்) சலான் எடுத்துக் கட்டி, ஆணை வாங்க வேண்டும். அந்த ஆணையில் 23ஏ பிரிவு, எஃப்.ஐ.ஆர். எண், வண்டி எண், எதிரிகள் ஒவ்வொருவரின் பெயர் எல்லாம் இருக்கிறதா என்று அங்கேயே நின்று பாருங்கள். ஓனர் பெயருக்கு மட்டும் ஆணை வாங்கினால் டிரைவர் வழக்கிலேயே கிடப்பார்.

கணக்கில்தான் பெரும்பாலும் தப்பு நடக்கும். நோட்டீஸில் ராயல்டி, மண்ணின் விலை, காம்பவுண்டிங் தொகை என்று எல்லாவற்றையும் கூட்டி ஒரே எண்ணாகப் போட்டிருப்பார்கள். மண்ணின் விலையையும் ராயல்டியையும் வசூலிக்கும் அதிகாரம் 21(5)-ல் இருந்து வருகிறது. அந்தப் பிரிவு அனுமதியில்லாமல் மண்ணை வெட்டி எடுத்தவரைப் பற்றியது. நீங்கள் வாடகைக்கு ஏற்றியவர் மட்டும் என்றால், வெட்டியவர் தர வேண்டியதை உங்கள் தலையில் கட்டுகிறார்களா என்று எழுத்தில் விளக்கம் கேளுங்கள். தொகையைப் பிரித்துக் காட்டச் சொல்வதே பல நேரம் பாதி வேலையை முடிக்கும். இன்னொன்று, மண்ணே வண்டியில் பறிமுதலாகி அரசிடம் இருக்கும்போது அதன் விலையையும் கேட்டால் அதற்கும் ஆட்சேபணை உண்டு: மண்ணைக் கைமாற்றிவிட்டால்தான் விலை என்று சட்டமே சொல்கிறது.

மறைந்திருக்கும் செலவு இரண்டு. ஒன்று, காம்பவுண்டிங் உரிமை இல்லை, அதிகாரியின் விருப்புரிமை. அடுத்த முறை அதே வண்டி சிக்கினால், பழைய ஆணை கோப்பில் இருக்கும், மறுக்க அதுவே காரணமாகும். இரண்டு, போலீஸ் திருட்டு வழக்கும் சேர்த்துப் போட்டு வண்டியை வைத்திருந்தால் துறையின் கடிதத்தைக் காட்டி வண்டியை எடுக்க முடியாது. கோர்ட் உத்தரவு தனியாக வேண்டும். அதாவது பணமும் கட்டி, ரிலீஸ் மனுவும் போட வேண்டிவரும்.

நேர்மையாகச் சொன்னால், காம்பவுண்டிங் பளிச்சென்று பொருந்தும் நிலை ஒன்றே: கனிமத் துறையே வண்டியைப் பிடித்திருக்கிறது, திருட்டு எஃப்.ஐ.ஆர். இல்லை, பெர்மிட் உண்மையிலேயே இல்லை. அப்போது கோர்ட், வக்கீல் என்று அலைவதைவிடக் கட்டிவிட்டு வண்டியை ஓட்டுவதே லாபம்.

## ரிலீஸ் மனு

பி.என்.எஸ்.எஸ். 497, 503 (பழைய சி.ஆர்.பி.சி. 451, 457) பிரிவுகளின்படி வழக்கு முடியும்வரை வண்டியை ஓனரிடம் ஒப்படைக்கக் கேட்பது. பிடித்த வண்டிகளை ஸ்டேஷன் வாசலில் மக்கவிடக் கூடாது, படம் எடுத்து, மகஜர் எழுதி, பத்திரம் வாங்கிக்கொண்டு திருப்பிக் கொடுக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2002-லேயே சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் சொன்னது. புதிய சட்டம் இதற்குக் கெடுவும் வைத்தது: பொருள் கோர்ட்டில் காட்டப்பட்ட 14 நாளில் விவரப் பட்டியல், அதன்பின் 30 நாளில் உத்தரவு. நடைமுறையில் அரசு வக்கீல் ஆட்சேபணைக்கு வாய்தா கேட்பார், இந்தக் கெடுவை மனுவிலேயே எழுதி வைத்தால் வாய்தா குறையும்.

எந்தக் கோர்ட் என்பதில் நாள்கள் வீணாகும். திருட்டு மட்டும் என்றால் மாஜிஸ்திரேட். கனிமச் சட்டப் பிரிவு இருந்தால் 30பி-யின்படி அமைந்த சிறப்பு நீதிமன்றம், அது செஷன்ஸ் நிலையில் இருப்பது. இரண்டும் கலந்திருந்தால், எந்தக் கோர்ட்டுக்கு எஃப்.ஐ.ஆர். அனுப்பப்பட்டிருக்கிறது என்பதை ஸ்டேஷனில் கேட்டுக்கொண்டு மனுவைத் தயார் செய்யுங்கள். தப்பான கோர்ட்டில் போட்டால் திருப்பி அனுப்பிய பிறகு முதலிலிருந்து தொடங்க வேண்டும்.

கொண்டுபோக வேண்டியவை: ஆர்.சி., இன்ஷூரன்ஸ், எஃப்.சி., வரி ரசீது, வண்டி வாங்கிய இன்வாய்ஸ், தவணை அட்டவணை, ஃபைனான்ஸ் கம்பெனியின் சம்மதக் கடிதம். இன்ஷூரன்ஸ் நின்ற இடத்திலேயே காலாவதியாகிவிட்டால் புதுப்பித்துவிட்டே மனுப் போடுங்கள். இல்லையென்றால் ஆட்சேபணைக்கு முதல் காரணம் அதுவாகத்தான் இருக்கும்.

நிபந்தனைகள் வண்டியின் மதிப்புக்குப் பத்திரம், ஜாமீன்தாரர், நிறமோ பாடியோ மாற்றக் கூடாது, விற்கக் கூடாது, கூப்பிட்டால் கொண்டுவர வேண்டும் என்ற வகையில் இருக்கும். சில கோர்ட்டுகள் வங்கி உத்தரவாதமும் கேட்கும். வங்கி அந்தத் தொகைக்கு டெபாசிட்டை முடக்கும், கமிஷனும் எடுக்கும். வழக்கு முடியும்வரை அந்தப் பணம் உங்களுடையது இல்லை என்று வைத்துக்கொள்ளுங்கள்.

பெரிய மறைசெலவு வேறு. வண்டி கையில் இருக்கும், ஆனால் விற்க முடியாத வண்டியாக இருக்கும். மாற்றி எடுக்கவும் முடியாது, அதன்மேல் கூடுதல் கடனும் வாங்க முடியாது. 21(4ஏ)-வின்படி கோர்ட் பறிமுதல் உத்தரவிடும் வாய்ப்பும் தீர்ப்பு வரும்வரை தலைக்கு மேல் தொங்கும். பத்திரத்தில் இருக்கும் வண்டி மறுபடி பிடிபட்டால் பத்திரத் தொகையே போகும்.

இருந்தாலும், திருட்டுப் பிரிவு இருக்கும் எந்த வழக்கிலும் முதல் வேலை இதுதான். மழைக்காலத்தில் ஸ்டேஷன் ஓரம் நின்ற டிப்பரில் முதலில் போவது பேட்டரி, அப்புறம் டீசல், அப்புறம் ஸ்டெப்னி. ஏற்றிய மண் நனைந்து பாடியில் இறுகி, ஹைட்ராலிக் சிலிண்டரின் ராடு துருப்பிடித்தால் சீல் கிட் மாற்றுவதோடு முடியாது. ரிலீஸ் உத்தரவு வந்த அன்றே ஸ்டேஷனில் வண்டியைச் சுற்றிப் படம் எடுத்து, குறைகளை எழுதிக் கையெழுத்து வாங்கிய பிறகு சாவியைத் தொடுங்கள்.

## குவாஷ்

கர்நாடக உயர் நீதிமன்றத்தில் பி.என்.எஸ்.எஸ். 528 (பழைய 482) பிரிவின்கீழ். சொல்வதற்கு உறுதியான புள்ளி இருந்தால்தான் இதற்குப் போக வேண்டும். அப்படிப்பட்ட புள்ளிகள் சில:

பெர்மிட் இருந்தது, நேரம் மட்டும் முடிந்தது. பெங்களூரில் கனரக வண்டிக்குப் பகலில் நுழைவுக் கட்டுப்பாடு இருக்கிறது. காலையில் கே.ஆர்.புரத்தில் ஒதுக்கி நிறுத்தப்பட்ட வண்டிக்குப் பெர்மிட் நேரம் அங்கேயே தீர்ந்துவிடும். ஜி.பி.எஸ். பதிவையும் ஃபாஸ்டேக் அறிக்கையையும் வைத்து, வண்டி நேராக அதே வழியில்தான் வந்தது என்று காட்ட முடிந்தால் இது வலுவான வாதம். ஜி.பி.எஸ். கம்பெனிகள் பழைய பதிவை நீண்ட நாள் வைத்திருக்காது, பிடிபட்ட வாரத்திலேயே தரவிறக்கி வையுங்கள்.

22-வது பிரிவின்படியான எழுத்துப் புகார் இல்லாமல், போலீஸ் குற்றப்பத்திரிகையை வைத்தே கோர்ட் கனிமச் சட்டக் குற்றத்தை விசாரணைக்கு எடுத்திருந்தால் அதுவும் ஒரு புள்ளி. ஆனால் இதில் வென்றாலும் திருட்டுப் பகுதி நிற்கும், துறை புதிதாகப் புகார் கொடுக்கவும் முடியும். இதை முழு வெற்றியாக விற்கும் வக்கீலிடம் இந்த இரண்டையும் கேளுங்கள்.

மூன்றாவது, அஸ்திவாரம் தோண்டிய மண். புணே பில்டர்கள் சங்கம் தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம் 2014 டிசம்பரில், கட்டடத்துக்குத் தோண்டினாலே சிறு கனிமம் ஆகிவிடாது, அந்த மண் எதற்குப் பயன்பட்டது என்று பார்க்க வேண்டும் என்றது. அதே மனையிலேயே மண் புரண்டிருந்தால் வாதம் உங்கள் பக்கம். ஒயிட்ஃபீல்டில் பேஸ்மென்ட் தோண்டி, அந்த மண்ணைச் சர்ஜாபூர் லேஅவுட்டில் நிரப்ப விற்றால், 2000-ம் ஆண்டு அறிவிக்கை சொல்லும் பயன்பாட்டுக்குள் நேராகப் போய் விழுகிறீர்கள்.

நில உரிமையாளரின் சம்மதக் கடிதமும் அவர் பெயரில் பஹணியும் (கர்நாடக நில உரிமைப் பதிவேடு) இருந்தால் திருட்டுப் பகுதி தளரும். கனிமச் சட்டப் பகுதி தளராது.

## ஒரே பார்வையில்

| | காம்பவுண்டிங் | ரிலீஸ் மனு | குவாஷ் |
|---|---|---|---|
| எங்கே | மாவட்டக் கனிமத் துறை | மாஜிஸ்திரேட் அல்லது சிறப்பு நீதிமன்றம் | உயர் நீதிமன்றம் |
| எதை முடிக்கும் | கனிமச் சட்டக் குற்றத்தை | எதையும் முடிக்காது, வண்டி வரும் | வென்றால் வழக்கை, சில நேரம் பாதியை |
| திருட்டுப் பிரிவு இருந்தால் | அது தொடரும் | வழக்கமான வழி | தனிக் காரணம் வேண்டும் |
| வண்டி எப்போது வரும் | துறையே பிடித்திருந்தால் ஆணையோடு | உத்தரவுக்குப் பின் | தனியாகக் கேட்டால்தான் |
| மறைசெலவு | அடுத்த முறைக்குப் பதிவு | விற்க முடியாத வண்டி, முடங்கும் டெபாசிட் | வக்கீல் கட்டணம், காத்திருப்பு |
| டிரைவருக்கு | பெயர் சேர்த்தால் மட்டும் | பலன் இல்லை, ஜாமீன் தனி | சேர்த்து மனுப் போட்டால் உண்டு |

குற்றத்தை ஒப்புக்கொண்டு அபராதம் கட்டிவிடலாமே என்று நான்காவதாக ஒரு யோசனை சொல்வார்கள். அது தண்டனையாகப் பதிவாகும், பறிமுதலுக்கும் கதவைத் திறந்துவிடும். சின்ன அபராதம் என்று மயங்கி இதை எடுக்காதீர்கள்.

## டிரைவர் விஷயம்

21(1) குற்றம் போலீஸ் வாரண்ட் இல்லாமல் கைது செய்யக் கூடியது. ஐந்து வருடம் வரை தண்டனை என்பதால் ஜாமீன் தானாக வராது, கேட்டு வாங்க வேண்டும். ஆனால் ஏழு வருடம் வரை தண்டனையுள்ள வழக்குகளில் கைதுக்குக் காரணத்தைப் போலீஸ் எழுதியாக வேண்டும், தேவையில்லை என்றால் பி.என்.எஸ்.எஸ். 35(3) நோட்டீஸ் கொடுத்து வரச் சொல்ல வேண்டும். அந்த நோட்டீஸுக்கு டிரைவர் தேதி தவறாமல் போகட்டும். போகாவிட்டால் அதுவே கைதுக்குக் காரணம்.

"எனக்குத் தெரியாமல் டிரைவர் ஏற்றிவிட்டார்" என்று ஓனர் வாக்குமூலம் கொடுப்பதில் வண்டிக்கு லாபம் இருக்கலாம். அது பொய்யென்றால் டிரைவரின் செல்போனில் இருக்கும் உங்கள் வாட்ஸ்அப் ஆடியோவே அதை முறிக்கும். உண்மையாகவே தெரியாது என்றால் இருவருக்கும் தனித்தனி வக்கீல் வையுங்கள்.

## இந்த மூன்று வழியும் பொருந்தாத இடம்

மண் வன நிலத்திலிருந்து வந்ததாக வனத்துறை பிடித்தால் கதை வேறு. கர்நாடக வனச் சட்டம் (1963) தனிப் பாதை. கனிமத் துறையில் காம்பவுண்ட் செய்த ஆணை அங்கே செல்லாது. பன்னேர்கட்டா, துரஹள்ளி ஓரங்களில் ஏற்றும் முன் சர்வே எண்ணைப் பார்த்துவிடுங்கள். ஓசூர்ப் பக்கத்திலிருந்து அத்திப்பள்ளி வழியாக வரும் லோடுக்குத் தமிழ்நாட்டுச் சீட்டு மட்டும் போதாது. எல்லைக்கு இந்தப் பக்கம் கர்நாடக விதி.

எடையும் இதில் சேரும். 60-க்கு 40 அடி மனையில் 10 அடி ஆழம் தோண்டினால் 24,000 கன அடி, அதாவது சுமார் 680 கன மீட்டர். தோண்டிய மண் கால் பங்கு உப்பி 850 ஆகும். பத்துச் சக்கர டிப்பரின் மொத்த எடை வரம்பு 28.5 டன் (பழைய வண்டியானால் ஆர்.சி.யில் உள்ளதே வரம்பு), காலி எடை 12 டன் என்றால் ஏற்றக் கூடியது 16.5 டன். ஈரமண் கன மீட்டருக்கு ஒன்றரை டன் என்பதால் 11 கன மீட்டர்தான் கணக்கு, ஏறத்தாழ 77 லோடு. 16 கன மீட்டர் பாடியை முட்ட நிரப்பினால் 24 டன். ஏழு டன் கூடுதல் என்றே எழுதினாலும் மோட்டார் வாகனச் சட்டம் 194(1)-ன்படி 20,000-த்தோடு டன்னுக்கு 2,000 சேர்த்து 34,000 ரூபாய். அதைவிட மோசம், பெர்மிட் 16 டன்னுக்கு இருந்தால் மீதி எட்டு டன் பெர்மிட் இல்லாத மண்ணாகக் கனிமத் துறை கோப்புக்குள் போகும். எடைமேடைச் சீட்டின் நகலை அங்கேயே கேட்டு வாங்குங்கள். காம்பவுண்டிங் கணக்கு அந்தச் சீட்டில் இருந்துதான் தொடங்கும்.